தீப்பெட்டி அளவில் ஒரு லாக்

திருப்பூரில் கம்ப்யூட்டர் சர்வீஸ் பார்த்துக்கொண்டிருந்தபோது ஓர் எம்பிராய்டரி யூனிட் முதலாளி போன் செய்தார். "தம்பி, டிசைன் சாஃப்ட்வேர் திறக்க மாட்டேங்குது. லாக் இல்லைன்னு சொல்லுது. லாக் அங்கேயேதான் இருக்கு."

போய்ப் பார்த்தேன். சிபியுவின் பின்புறம், 25 பின் பிரின்டர் போர்ட்டில் தீப்பெட்டி அளவுக்கு ஒரு சாம்பல் நிற டப்பா. அதுதான் லாக்; காப்பியடித்து ஓட்டுவதைத் தடுக்க, அது மாட்டியிருந்தால்தான் சாஃப்ட்வேர் திறக்கும். அதைக் கட்டைவிரலால் அழுத்திப் பிடித்தால் சாஃப்ட்வேர் திறந்தது, விட்டால் நின்றது. வேறொரு பழைய கம்ப்யூட்டரில் மாட்டிப் பார்த்தும் அதே கதை. பன்னிரண்டு வருஷ டிசைன்கள் அந்த சாஃப்ட்வேருக்கு மட்டும் புரியும் ஃபைல்களாகக் கிடந்தன. அதை எழுதி விற்ற நிறுவனமோ எப்போதோ மூடியாயிற்று. காசு கொடுத்து வாங்கியவர், பில் கையில் வைத்துக்கொண்டு தவித்ததைப் பார்க்க எனக்குக் கோபமாக வந்தது.

நாங்கள் லாக் என்போம், வெளியூர்ப் பெயர் டாங்கிள். 1980இல் இங்கிலாந்தில் கமடோர் பெட் கம்ப்யூட்டருக்காக வந்த வேர்ட்கிராஃப்ட் என்ற எழுத்துச் செயலிதான் இதைத் தொடங்கி வைத்தது. கேசட் போர்ட்டில் செருகும், ரெசின் ஊற்றி மூடிய ஒரு சிறு கட்டி. பிசி காலத்தில் ஹாஸ்ப், சென்டினல் என்று பிரின்டர் போர்ட்டுக்கு வந்து, அப்புறம் யூஎஸ்பிக்கு மாறியது.

பிரின்டர் போர்ட் இல்லாத புது கம்ப்யூட்டர் வாங்கினாலும் இவருக்கு விடிவில்லை. அந்தப் பழைய புரோகிராம் 378 என்ற போர்ட் முகவரிக்கு நேராகப் போய் லாக்கைத் தேடும். யூஎஸ்பி கன்வெர்ட்டர் கேபிள் பிரின்டரை ஓட்டும், அந்த முகவரியைத் தராது. மிச்சம் இருந்த வழி எமுலேட்டர், அதாவது லாக்கைப் போலவே நடிக்கும் புரோகிராம். சாஃப்ட்வேர் கேட்கும் கேள்விக்கு லாக் என்ன பதில் சொல்லும் என்பதை முதலில் லாக்கிலிருந்தே படித்து ஒரு ஃபைலாக எடுக்க வேண்டும். பிறகு டிரைவர் எனும் சிறு புரோகிராம் ஒன்று லாக்கின் இடத்தில் உட்கார்ந்து அதே பதிலைச் சொல்லும். லாக்குக்கு உயிர் இருக்கும்போதே எடுத்தால்தான் உண்டு. பின்னாளில் உள்ளேயே என்கிரிப்ஷன் செய்யும் லாக்குகள் வந்தபின் இது எளிதில் நடக்கவில்லை.

அவர் தரையில் உட்கார்ந்து டப்பாவை அழுத்திப் பிடித்துக்கொண்டார். நான் டம்ப், அதாவது அந்த பதில் ஃபைலை எடுத்தேன். இரண்டு முறை பாதியில் அறுந்தது. "அண்ணா, கையை அசைக்காதீங்க" என்றேன். மூச்சைக்கூட அடக்கிக்கொண்டார். மூன்றாவது முறை முழுசாக வந்தது. லாக்கைக் கழற்றிவிட்டு சாஃப்ட்வேரைத் திறந்தோம். முதல் டிசைன் ஒரு மயில். அவர் ஒன்றும் பேசாமல் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அதற்கப்புறம் "எனக்கும் லாக்கை உடைத்துக் கொடு" என்று சிலர் வந்தார்கள். பில்லும் ஒரிஜினல் லாக்கும் இல்லாத யாருக்கும் நான் செய்ததில்லை. அமெரிக்காவில்கூட 2003இல், கெட்டுப்போய் மாற்றும் கிடைக்காத டாங்கிள்களுக்கு மட்டும், இப்படிப் பூட்டை உடைப்பதைத் தடுக்கும் சட்டத்தில் விலக்கு கொடுத்தார்கள். அந்த எல்லை எனக்குச் சரியாகவே பட்டது.

இப்போதைய 64 பிட் விண்டோஸ், டிஜிட்டல் கையெழுத்தில்லாத இந்த மாதிரி டிரைவரைச் சாதாரணமாக ஏற்காது. அதனால் அந்த யூனிட்டில் ஒரு பழைய விண்டோஸ் எக்ஸ்பி மெஷின் அப்படியே ஓடுகிறது. அதன் ஹார்ட் டிஸ்கை இரண்டு காப்பி எடுத்து, லாக்கோடும் பில்லோடும் ஒரே கவரில் போட்டு, அவர் வீட்டுப் பீரோவில் வைத்திருக்கிறோம்.