அனுப்பினவருக்கும் பங்கு உண்டு

பெண்களைப் பாலியல் வன்கொடுமை செய்து, வீடியோ எடுத்து மிரட்டிய பொள்ளாச்சி வழக்கில் 2025 மே மாதம் ஒன்பது பேருக்கும் சாகும்வரை ஆயுள் தண்டனை என்றதும் என் டைம்லைன் முழுக்கக் கொண்டாட்டம். சரி, மகிழ்ச்சிதான். ஆனால் 2019-இல் அந்த வீடியோக்களை வாட்ஸ்அப்பில் கைமாற்றியவர்கள் எங்கே போனார்கள்? புகார் கொடுத்த பெண்ணின் பெயரைக் காவல்துறையே வெளியே சொன்னது. அரசாணையிலும் அச்சானது! அதற்காக அவருக்கு 25 லட்சம் இழப்பீடு தரச் சொன்னது உயர் நீதிமன்ற மதுரைக் கிளை.

"அவளே சம்மதிச்சுத்தானே எடுத்தா" என்று யாராவது தொடங்கினால் பாரதிய நியாய சன்ஹிதா (பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) 77-ஆம் பிரிவைக் காட்டுங்கள். படமெடுக்கச் சம்மதித்த பெண் அதைப் பரப்பச் சம்மதிக்கவில்லை என்றால், பரப்பியது குற்றம். பாலுறவுக் காட்சியை இணையத்தில் அனுப்பினால் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67ஏ பிரிவின்படி முதல் முறையே 5 ஆண்டு வரை சிறை, 10 லட்சம் வரை அபராதம். "எனக்கு வந்துச்சு, அனுப்பினேன்" எல்லாம் அங்கே எடுபடாது.

படத்தை வெளியே விடுவேன் என்று மிரட்டல் வந்தால் பணம் கொடுக்காதீர்கள், சாட் உரையாடலை அழிக்காதீர்கள். தேசிய சைபர் குற்றப் புகார் தளத்தில் பெண்கள் பெயர் சொல்லாமலும் புகார் தரலாம். அப்புறம், 18 வயது தாண்டியவர்களுக்கு 'ஸ்டாப் என்சிஐஐ' என்றொரு இலவசத் தளம் இருக்கிறது. படம் உங்கள் போனிலேயே இருக்கும். அதன் டிஜிட்டல் கைரேகை (அந்தப் படத்தை அடையாளம் காட்டும் குறியீடு) மட்டும் ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராமுக்குப் போகும். அதை வைத்து அந்தப் படம் தங்கள் தளத்தில் பரவாமல் அந்த நிறுவனங்கள் தடுக்கும்.