பிரலின் தீவின் கடல் தேங்காய்க் காட்டில் தரையையும் பாருங்கள்

சீஷெல்ஸின் மாஹே தீவிலிருந்து பிரலினுக்குப் படகில் ஏறக்குறைய ஒரு மணி நேரம். அங்குள்ள வலே தெ மே பள்ளத்தாக்கு 19.5 ஹெக்டேர்தான், 1983 முதல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியத் தலம். கடல் தேங்காய் என்ற பனை வகை மரம் இயற்கையாக வளர்வது உலகிலேயே இந்தத் தீவிலும் அருகிலுள்ள கியூரியஸ் தீவிலும் மட்டுமே.

உள்ளே போனதும் எல்லோரும் அண்ணாந்து பார்ப்பார்கள். 30 மீட்டர் உயர மரமும் விசிறி ஓலையும் அப்படி இழுக்கும். ஆனால் இந்தக் காட்டின் நிலவரம் தெரிவது தரையில். பெரிய மரங்கள் நூறாண்டுக்கும் மேல் நிற்பவை. கீழே கன்றே இல்லாவிட்டாலும் காடு செழிப்பாகத்தான் தெரியும்.

காய் முற்றவே ஆறேழு ஆண்டுகள் ஆகும். விதை 20 கிலோவைத் தாண்டுவதுண்டு. தாவர உலகில் இதைவிடப் பெரிய விதை கிடையாது. உயிருள்ள விதை கடலில் மிதக்காது, மூழ்கிவிடும். ஆகவே தாய் மரத்தடியில்தான் முளைத்தாக வேண்டும். அதற்கு மரமே வழி செய்கிறது: மடிப்பு மடிப்பான ஓலைகள் மழைநீரையும் மகரந்தத்தையும் பறவை எச்சத்தையும் அடிமரத்துக்கு இறக்கிவிடுகின்றன. சத்தில்லாத அந்த மண்ணில் உரம் சேருவது அந்த இடத்தில்தான். முளைக்கும்போது விதையிலிருந்து கயிறு போன்ற தண்டு ஒன்று மண்ணுக்குள் சில மீட்டர்கூட ஓடி, அதன் நுனியில் குருத்து கிளம்பும். சில ஆண்டுகள் வரை கன்றுக்கு உணவு அந்த விதைதான். பாதையோரம் கிடக்கும் காயைப் புரட்டினால் தண்டு அறுந்துவிடும், தொடாதீர்கள்.

பெரிய ஆபத்து திருட்டு. காமம் பெருக்கும் மருந்து என்ற நம்பிக்கையில் காயின் உள்ளிருக்கும் பருப்புக்கு நல்ல விலை கிடைக்கிறது. காய்களை அள்ளிக்கொண்டே இருந்தால் அடுத்த தலைமுறை மரம் எங்கிருந்து வரும்? அடுத்தது தீ. உதிர்ந்த ஓலைகள் தரையில் அடுக்கடுக்காகக் கிடப்பதால் காய்ந்த மாதங்களில் ஒரு பொறி போதும். பள்ளத்தாக்கில் பரவியிருக்கும் 'மஞ்சள் பைத்திய எறும்பு' என்ற அயல் எறும்பினம், மரத்தில் வாழும் பல்லிகளையும் நத்தைகளையும் விரட்டுகிறது.

காற்று பலமாக இருந்தால் மரத்தடியில் நிற்க வேண்டாம். முழு ஓலை விழுந்தால் தாங்காது.

காய் வாங்குவதானால் அரசு அனுமதிச் சான்றுள்ளதை மட்டும் வாங்குங்கள். சான்றில் உள்ள எண்ணும் காயில் உள்ள எண்ணும் ஒன்றுதானா என்று பாருங்கள். நாட்டை விட்டு வெளியே கொண்டுபோக ஏற்றுமதி அனுமதியும் தேவை.