ஆச்சியும் பட்டையும்

நவம்பர் 11

மதுரை ஆஸ்பத்திரியிலிருந்து இன்றும் போன் இல்லை.

நவம்பர் 12

அமெரிக்காவிலிருந்து அண்ணன் அனுப்பிய பார்சல் வந்தது. அப்பச்சிக்கு (எங்கள் பக்கம் அப்பா அப்பச்சி, அம்மா ஆத்தா) புரோட்டீன் பவுடர், ஆத்தாவுக்கு முட்டிவலித் தைலம், ஆச்சிக்கு ஒரு கழுத்துப் பட்டை. பூனைக்கு ஆச்சி என்று பேர் வைத்தது அப்பச்சி. விசாரிக்க வருகிற பெரிய மனுஷிகளை எதிரே உட்காரவைத்துக்கொண்டு "ஆச்சி, இறங்கு கீழ" என்று அதட்டுவார். ஆத்தா எழுந்து இரண்டாங்கட்டுக்குப் போய்விடுவார்கள்.

பட்டை சாம்பல் நிறம், வட்டத் தகர டப்பாவுக்குள் சுருண்டு கிடக்கிறது. மாட்டினால் 8 மாதத்துக்குத் தெள்ளும் உண்ணியும் அண்டாதாம். இமிடாகுளோபிரிட் 10 சதவீதம், ஃப்ளூமெத்ரின் 4.5 சதவீதம். மெத்ரின் என்று முடிகிற பேரை எங்கேயோ கெட்ட செய்தியில் படித்த ஞாபகம். டப்பாவைத் திறக்காமல் பீரோ மேல் வைத்தேன்.

நவம்பர் 13

இரவு இரண்டு மணி. அப்பச்சி இருமி ஓய்ந்தார். ஆச்சி அவர் காலடியில்.

நான் நினைத்தது பெர்மெத்ரின். வெளிநாட்டில் நாய்க்குச் சொட்டுகிற உண்ணி மருந்தில் அது 45, 65 சதவீதம் வரை இருக்கிறது. நாயின் ஈரல் அதை உடைத்து வெளியே தள்ளிவிடும். பூனைக்கு அந்த வேலையைச் செய்கிற நொதி போதாது. உள்ளே போனது உள்ளேயே சுற்றிக்கொண்டு நரம்பைப் பிடித்து ஆட்டும். லண்டன் நச்சுத் தகவல் மையத்துக்கு வந்த 286 பூனைகளின் கணக்கை 2007-இல் வெளியிட்டிருக்கிறார்கள். 10.5 சதவீதம் செத்திருக்கின்றன. பத்தில் ஒன்று. இந்த மாதம் நான் வேறு விஷயத்துக்காகத் தேடிப் படித்த சதவீதங்களுக்குப் பக்கத்தில் வைத்தால் இது நல்ல கணக்கு.

அதே நொதிக் குறைபாட்டால்தான் பாரசிட்டமாலும் பூனைக்கு விஷம். எழுந்துபோய் அப்பச்சியின் தலைமாட்டில் கிடந்த அட்டையை எடுத்துப் பட்டாலை மாடத்தில் வைத்தேன்.

ஃப்ளூமெத்ரின் இதற்குப் பங்காளி. அதே பைரெத்ராய்டு வகைப் பூச்சிமருந்து. ஆனாலும் பட்டையில் பூனைக்கென்று அனுமதித்திருக்கிறார்கள், கொஞ்சம் கொஞ்சமாகக் கசிவதால் தாங்குமாம். தாங்கட்டும். தூக்கம் போய்விட்டது.

நவம்பர் 14

அப்பச்சி ஒரு இட்லி. மிச்சத்தை யார் தின்றது என்று எனக்கும் ஆச்சிக்கும் தெரியும்.

நவம்பர் 15

பெரியப்பச்சி வீட்டு அண்ணன் தேவகோட்டையிலிருந்து வந்து வளவில் அவர்கள் அறையைத் திறந்தார். கூடவே முனீஸ்வரன் கோயில் தெருப் பழம்பொருள் கடைக்காரர் ஒருவர், கையில் டார்ச். அப்பச்சி முகப்பில் படுத்திருக்கும்போதா இதெல்லாம் என்று கேட்க வாய்வரைக்கும் வந்தது. பங்கு அவர்களுடையது. காப்பி போட்டுக் கொடுத்தேன்.

பீங்கான் தட்டுகளை எண்ணிக்கொண்டிருந்தவர் திடீரென்று வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு குதித்தார். கணுக்கால் இரண்டிலும் எள் தெளித்த மாதிரி தெள்ளு. அண்ணன் வெளியே ஓடினார். சித்திரையில் ஆச்சி அந்த அறைக்குள் சாளரம் வழியாகப் போய்க் குட்டி போட்டிருந்தது. அதன்பிறகு ஆள் நுழையவில்லை.

பூட்டிய அறையில் இத்தனை நாள் எதைத் தின்று இருந்தன என்று ஆத்தா கேட்டார்கள். எதையும் தின்னவில்லை. கூட்டுப்புழுவாகக் கிடந்திருக்கின்றன. முட்டை, புழு, கூடு, பூச்சி என்று நான்கு கட்டம். கூட்டுக்குள் மாதக்கணக்கில் சும்மா இருக்கும். காலடி அதிர்வு, உடம்புச் சூடு, மூச்சுக்காற்று இதெல்லாம் பட்டால் சில நொடியில் உடைத்துக்கொண்டு வெளியே குதிக்கும். வருஷத்தில் ஒருமுறை திறக்கிற வீடுகள் நிறைந்த ஊரில் அதற்கென்ன கவலை.

கடைக்காரர் ஒரு தட்டையும் எடுக்காமல் போய்விட்டார். இதை அப்பச்சியிடம் சொன்னேன். ரொம்ப நாளுக்குப் பிறகு சிரித்தார். ஆச்சிக்கு ராத்திரி நெத்திலி கொடுக்கச் சொன்னார்.

நவம்பர் 16

ஆச்சியின் முதுகை ஈர்கொல்லிச் சீப்பால் சீவி, உதிர்ந்த கறுப்புப் பொடியை ஈரப் பஞ்சில் வைத்தேன். சிவப்பாகப் பரவியது. செரிக்காத ரத்தம், தெள்ளின் கழிவு. மண்ணாக இருந்தால் சிவக்காது.

ஊருக்கே வைத்தியம் தெரியும். வாசலில் கோலம் போடுகிறவர் வேப்பெண்ணெய் பூசச் சொன்னார். நக்கியே குளிக்கிற பிராணிக்கு எதைப் பூசினாலும் ஊட்டுவதும் அதுவும் ஒன்றுதான். வேப்பெண்ணெய் பட்டு நடுங்கி விழுந்த பூனைகள் உண்டு. ஆட்டுக்காரர் டெல்டாமெத்ரின் பாட்டிலையே கொண்டுவந்து நீட்டினார், ஒரு மூடியைத் தண்ணீரில் கலந்து ஊற்றினால் போதும் என்று. அதுவும் மெத்ரின். கும்பிட்டுத் திருப்பி அனுப்பினேன். ஆத்தா பாச்சை உருண்டையைத் துணியில் முடிந்து கழுத்தில் கட்டலாம் என்றார்கள். பட்டுப்புடவைப் பெட்டிக்கு அது சரி. நாஃப்தலீன் பூனையின் ரத்தத்தையும் ஈரலையும் கெடுக்கும். "எல்லாம் விஷம்னா அது எப்படித்தான் இத்தனை வருசம் இருந்துச்சு" என்று கோபித்துக்கொண்டார்கள். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

நவம்பர் 17

அப்பச்சியின் பரிசோதனை ஸ்லைடை மதுரையிலிருந்து வேலூருக்கு அனுப்பியிருக்கிறார்களாம். இன்னொருவரும் பார்க்க வேண்டுமாம். ஏன் என்று கேட்டதற்கு, ஃபார்மாலிட்டி.

சாயங்காலம் ஆச்சியைக் கூடையில் வைத்துக் காரைக்குடி போனேன். டாக்டர் அதன் ஈறைத் தூக்கி நிறம் பார்த்தார். தெள்ளு அதிகமானால் ரத்தம் குறைந்து வெளுக்கும், குட்டிகள் செத்தே போகும் என்றார். வெளுக்கவில்லை. எடை மூன்றரைக் கிலோ. வால் அடியில் அரிசிமணி மாதிரி ஒட்டியிருந்தது நாடாப்புழுத் துண்டு. தெள்ளை விழுங்கினால் வருவது. அதற்கு ஒரு மாத்திரை.

பட்டையைக் காட்டினேன். டப்பாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "நல்ல சரக்குதாம்மா. வீட்ல யாரு பூனைய அதிகம் தூக்குறா?"

அப்பச்சியைப் பற்றிச் சொன்னேன். எதிரே முன்பின் தெரியாத ஒருவர் இருந்தால் எல்லாவற்றையும் சொல்ல முடிகிறது.

"மருந்து ஏத்த ஆரம்பிச்சா எதிர்ப்பு சக்தி இறங்கும். தெள்ளோட கழிவு நகத்துல இருந்து, அந்த நகம் கீறினா பார்டோனெல்லான்னு ஒரு கிருமி உள்ள போகும். சாதாரண ஆளுக்கு நெறிகட்டிக் காய்ச்சலோட போயிரும். அவுகளுக்கு அப்படிப் போகும்னு சொல்ல முடியாது. அதுக்காகப் பூனையக் கொண்டுபோயி எங்கயும் விட்றாதீக. தெள்ள ஒழிங்க, நகத்த வெட்டுங்க, கீறினா ஒடனே சோப்புப் போட்டுக் கழுவுங்க."

சரி, பட்டை?

"அது தோல் எண்ணெயில பரவி மேலாகவே நிக்கிற மருந்து. தெள்ளு கடிக்கவே வேணாம், பட்டாலே சாகும். பூனைக்கு அது சௌகரியம். நாள்பூரா கழுத்தத் தடவிட்டு அந்தக் கையோட வெத்தல போடுற ஆளு இருந்தா, நான் மாட்ட மாட்டேன்."

அப்பச்சி வெற்றிலை போடுவார் என்று இவருக்கு எப்படித் தெரியும்? செட்டிநாட்டில் எழுபது தாண்டியவர் என்று சொன்னதே போதும் போல.

நவம்பர் 18

நகம் வெட்டினோம். பிடித்துக்கொண்டது ஆத்தா. கீறல் எனக்கு.

நவம்பர் 20

மத்தியானம் எதிர்வீட்டுப் பையன் வாசலில் நின்று கத்தினான். கையில் துண்டு, துண்டுக்குள் அவன் வளர்க்கிற வரிக்குட்டி. காது துள்ளுகிறது, முன்கால் உதறுகிறது, வாயில் நுரை. என்ன போட்டாய் என்று கேட்டேன். நாய்க்கு வாங்கிய சொட்டு மருந்தில் மிச்சம் இருந்ததாம். ஆன்லைனில் வாங்கியது. "நாலே சொட்டுத்தான்க்கா."

அட்டைப்பெட்டியைக் கொண்டுவரச் சொன்னேன். முன்பக்கம் பெரிதாக நாய்ப் படம். பின்பக்கம், கீழே, எறும்பு எழுத்தில் பெர்மெத்ரின். அதற்கும் கீழே சுண்டுவிரல் நகமளவு ஒரு பூனை உருவம், குறுக்கே கோடு. அந்தப் பூனையை முன்பக்கம் நாய்க்குச் சமமான அளவில் அச்சடித்தால் யாருக்கு என்ன நஷ்டம்? அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமையான ஈபிஏ 2010-இலேயே இந்தச் சொட்டு மருந்துகளின் லேபிளை மாற்றச் சொன்னது, நாயும் பூனையும் கலந்துபோகக் கூடாதென்று.

டாக்டருக்குப் போன் போட்டேன். கழுவிவிட்டுக் கொண்டுவா என்றார். வெதுவெதுப்பான தண்ணீர், பாத்திரம் கழுவுகிற திரவ சோப்பு. எண்ணெய்ப் பசையில் கலந்த மருந்து என்பதால் வெறும் தண்ணீரில் போகாது. கொதிநீரும் கூடாது. கழுத்தில் இரண்டு முறை நுரைத்துக் கழுவி, ஒற்றித் துடைத்து, காரில் பையன் மடியில். வழியெல்லாம் அவன் அழுதுகொண்டு வந்தான். எனக்குக் கோபம் வந்ததே தவிர அவன்மேல் வரவில்லை. ரயில்வே கேட்டுக்கு வந்தது, டிராக்டருக்கு வந்தது, மதுரையில் போன் எடுக்காத கவுண்டர்காரருக்கு வந்தது.

இதற்கு முறிவு மருந்து கிடையாது. நடுக்கத்தை அடக்கி, டிரிப் ஏற்றி, உடம்பு தானாக வெளியேற்றும்வரை பிடித்து வைத்திருக்க வேண்டும். டயசிபாம் போட்டார். இரண்டு மூன்று நாள் தாண்ட வேண்டும் என்றார். அந்த நாய் இரண்டு நாளாக ஒரே சாக்கில் குட்டியோடு படுக்கிறதா என்றும் கேட்டார். ஆமாம். நாயின் முதுகை நக்கினாலே போதுமாம்.

வீடு திரும்பியதும் அப்பச்சி என்னிடம் கேட்டார், "குட்டி பொழைக்குமா ஆத்தா?" தெரியவில்லை என்றேன். "தெரியலைன்னு சொல்றதுல தப்பில்ல, சும்மா சொல்லு" என்றார்.

நவம்பர் 21

குட்டிக்கு நடுக்கம் குறைந்திருக்கிறது. தின்னவில்லை.

வேலூர் பற்றித் தகவல் இல்லை.

நவம்பர் 22

அண்ணன் வீடியோவில். பின்னால் அவன் மனைவி, அண்ணமிண்டி, காய் நறுக்கிக்கொண்டிருந்தார்கள். பட்டையை ஏன் மாட்டவில்லை என்று ஆரம்பித்தான். அங்கே அவர்கள் வீட்டுப் பூனை இரண்டு வருஷமாகப் போட்டிருக்கிறதாம், ராஜா மாதிரி இருக்கிறதாம்.

அந்தப் பட்டை பற்றி அவன் நாட்டிலேயே நடந்த ரகளையைச் சொன்னேன். 2012-இல் விற்பனைக்கு வந்தது முதல் 2020 நடு வரைக்கும் ஈபிஏவுக்கு வந்த புகார் 75,000-க்கு மேல், அதில் 1,698 சாவு. 2022-இல் நாடாளுமன்றத் துணைக்குழு ஒன்று திரும்பப் பெறச் சொன்னது. "அப்புறம் 2023-ல ஈபிஏ என்ன சொல்லுச்சு, அதையும் சொல்லு" என்றான். அவனும் படித்திருக்கிறான். விற்கலாம், ஆனால் நிபந்தனையோடு, லேபிளில் எச்சரிக்கையோடு, ஐந்து வருஷத்துக்கு மட்டும். புகார் வந்ததாலேயே பட்டைதான் கொன்றது என்றாகாது. எத்தனையோ லட்சம் பிராணிகள் கழுத்தில் கிடப்பது, வேறு நோயில் செத்தாலும் கழுத்தில் பட்டை இருக்கும். இதை நானும் ஒத்துக்கொள்கிறேன். பட்டைமேல் எனக்குப் பகை இல்லை. அவன் வீட்டுப் பூனைக்கு அது சரியாகத்தான் இருக்கும். இந்த முகப்பில், இந்தச் சாய்வு நாற்காலியில், அந்தக் கைக்கு அடியில் வேண்டாம் என்கிறேன்.

"நீ பட்டையப் பத்தி மட்டுந்தான் பேசுற" என்றான்.

நீ டிக்கெட் போட்டாயா என்று கேட்டேன். அண்ணமிண்டி நறுக்குவதை நிறுத்தினார்கள்.

நவம்பர் 23

குட்டி எழுந்து மீன் தின்றதாம். பையன் ஓடிவந்து சொன்னான். ஒரு காது மட்டும் அவ்வப்போது துள்ளுகிறது.

நவம்பர் 24

டாக்டர் கொடுத்த பூனைச் சொட்டு மருந்தை இன்று ராத்திரி விட்டேன். ஃபிப்ரோனில், கூடவே மெத்தோபிரீன். முன்னது பூச்சியைக் கொல்லும், பின்னது முட்டையைப் பொரியவிடாது. அட்டையில் பூனைப் படம் இருக்கிறதா, எடை பொருந்துகிறதா என்று மூன்று பேர் படித்தோம். பிடரியில், நாக்கு எட்டாத இடத்தில், மயிரை வகிர்ந்து தோல்மேலேயே. அப்புறம் இரண்டாங்கட்டில் போட்டு அடைத்தாயிற்று, மருந்து காயும்வரை அப்பச்சியிடம் விடக் கூடாது. விடியும்வரை கதவைப் பிறாண்டிக்கொண்டே இருந்தது. அப்பச்சியும் தூங்கவில்லை. "என்ன பாவத்துக்கு உள்ள போட்டிருக்கீக" என்று எனக்கும் ஆத்தாவுக்கும் சேர்த்து ஒரு ஏச்சு.

நவம்பர் 26

வீடே வெயிலில் கிடக்கிறது. ஜமக்காளம், தென்னைநார் மெத்தை, தலையணை உறை எல்லாம் வெந்நீரில் அலசி மாடியில். பூனைமேல் தெரிகிற பூச்சி மொத்தத்தில் 5 சதவீதம்தான், மீதி முட்டையும் புழுவும் கூடுமாகப் படுக்கையிலும் இடுக்கிலும். ஆத்தங்குடிக் கல்லில் அவற்றுக்கு ஒளிய இடமில்லை, பர்மாத் தேக்கு நிலையில் வெடிப்பெல்லாம் இடம். வாக்குவம் கிளீனர் இரவல் வாங்கி நிலை நிலையாக இழுத்தேன். தேவகோட்டை அண்ணனின் அறைச் சாவியையும் வாங்கி அங்கேயும். மறுபடி ஓரிரண்டு குதித்தன. கூடு உடைந்து வருவது சில வாரம் ஓடும், மருந்து வேலை செய்யவில்லை என்று நினைத்து இன்னொரு மருந்தை மேலே போட்டுவிடக் கூடாது என்று டாக்டர் முன்பே சொல்லியிருந்தார்.

வேலை இருக்கிற நாள் நல்ல நாள்.

நவம்பர் 29

அப்பச்சி கழுத்தைத் தடவிக்கொண்டே சொன்னார்: "அவன் அனுப்புனத வீணாக்காத. எதிர்வீட்டு நாய்க்குக் குடு." பூனைப் பட்டை அந்த நாயின் எடைக்குப் போதாது என்றேன். நான் சொல்லி முடிக்குமுன் தூங்கிவிட்டார்.

டிசம்பர் 3

தீபம். அகல் எல்லாவற்றையும் ஆத்தாவே ஏற்றினார்கள். நாளையிலிருந்து பிள்ளையார் நோன்புக்குக் கோடி வேட்டியில் தினம் ஒரு நூல் எடுக்க வேண்டும், வேட்டி வாங்கிவிட்டாயா என்று கேட்டார்கள். இந்த வருஷம் இழையை யார் எடுத்துக் கொடுப்பது என்று கேட்கவில்லை.

டிசம்பர் 5

வேலூர் ரிப்போர்ட் மதுரைக்கு வந்துவிட்டதாம். போனில் சொல்ல மாட்டார்களாம், திங்கட்கிழமை நேரில். கார் ஆறு மணிக்கு. பழைய ஃபைல், இன்சூரன்ஸ் அட்டை, பிளாஸ்க், வெற்றிலைப் பெட்டி (கேட்பார்). ஆச்சிக்கு இரண்டு வேளைச் சோறு பையனிடம் சொல்லியாயிற்று, அவன் நாயை வளவுக்குள் விடக் கூடாது என்பதையும். அடுத்த சொட்டு 24-ஆம் தேதி, காலண்டரில் வட்டம் போட்டிருக்கிறேன். அண்ணன் டிக்கெட்