ஆச்சி கேட்ட கேள்வி

"பயப்படுறதுக்கு ஒண்ணுமில்லையே தம்பி?" என்று ஆச்சி கேட்டார். எக்ஸ்ரே எடுப்பவன் படத்துக்கு விளக்கம் சொல்லக் கூடாது. நான் சொன்னேன்.

ஐந்து மாதப் பேரன். எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டக் காலில் போடும்போது வழுக்கி, ஆத்தங்குடிக் கல் தரையில் விழுந்துவிட்டான். மருமகள் ஆச்சி பக்கம் திரும்பவே இல்லை.

"பச்சைப் பிள்ளை மண்டை எலும்பு வளைஞ்சு குடுக்கும் ஆச்சி. நம்மளது மாதிரி பட்டுன்னு உடையாது. கோடு கோடாத் தெரியுறது எலும்பு சேருற இடம்."

இதில் பொய் எது என்று இன்றும் தேடுகிறேன். குழந்தையின் மண்டையோடு தனித்தனித் தகடுகள்தான். இடையில் தையல் கோடுகள், உச்சியில் குழி. முதல் வருஷத்தில் மூளை வேகமாக வளர்கிறது. ஓடு விட்டுக் கொடுத்தாக வேண்டும். உச்சிக்குழி மூட ஒன்றரை வருஷம் போல ஆகும். எல்லாம் சரிதான்.

ஆனால் வளையும் என்று சொன்னவன், மெல்லியது என்று சொல்லவில்லை. அந்த வயதில் பக்கவாட்டு எலும்பு 2 மில்லிமீட்டர் அளவுதான். பெரியவர்களுக்கு 6, 7 மில்லிமீட்டர் இருக்கும். வெளியே ஒரு தகடு, உள்ளே ஒரு தகடு, நடுவில் மஜ்ஜை. பிள்ளைக்கு ஒரே அடுக்கு. நடு அடுக்கு தெளிவாகத் தெரியவே நாலு வயது போல ஆகிவிடும். வளைகிற எலும்பு விரிசலும் விடும்.

"தம்பியே சொல்லிட்டாரு" என்று ஆச்சி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, டாக்டரைப் பார்க்காமலே பஸ் ஸ்டாண்டுக்குப் போய்விட்டார். அதற்குப் பிறகுதான் பக்கவாட்டுப் படத்தில் காதுக்கு மேலே அந்தக் கோட்டைக் கவனித்தேன். தையல் கோடு பெரும்பாலும் நெளிந்து ஓடும், மறுபக்கத்திலும் அதே இடத்தில் ஒன்று இருக்கும். இது நேராக, கறுப்பாக, ஒரு பக்கம் மட்டும் இருந்தது. அதற்குப் பிறகுதானா? பேசும்போதே கண்ணில் பட்டிருக்குமோ என்று சில ராத்திரிகளில் தோன்றுகிறது.

டாக்டர் போன் போட்டு வரவழைத்தார். சிடி ஸ்கேன் எடுத்தார்கள். உள்ளே ரத்தக்கசிவு இல்லை. இப்படிப்பட்ட நேர் விரிசல் பெரும்பாலும் தானே கூடிவிடும், ஆனால் கைக்குழந்தைக்கு விரிசல் அகலமாகிறதா என்று பின்னால் பார்த்தே ஆக வேண்டும் என்று சொல்லி அனுப்பினார். அன்று அவர்கள் பஸ் ஏறியிருந்தால், அந்தப் பின்னால் என்பதே இருந்திருக்காது.

நான் சொன்னது ஆச்சிக்காக. மருமகள் முன்னால் அவர் நடுங்கிக்கொண்டு நின்றதைப் பார்த்தால் யாரும் ஏதாவது சொல்லியிருப்பார்கள். அப்படித்தான் நினைத்துக்கொள்கிறேன். டாக்டர் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் அதோடு முடிந்திருக்கும்.

சில மாதம் கழித்து மறுபடி படம் எடுக்க வந்தார்கள். கோடு இருந்த இடமே தெரியவில்லை. திரையை எட்டிப் பார்த்தபடி ஆச்சி கேட்டார்: "கூடிருச்சா தம்பி?"

"டாக்டர் சொல்லுவாரு ஆச்சி" என்றேன்.

கூடியிருந்தது எனக்குத் தெரியும். ரிப்போர்ட் வரும்வரை முக்கால் மணி நேரம், பெஞ்சில் பிள்ளையின் தலையைத் தடவிக்கொண்டே உட்கார்ந்திருந்தார்.