நாலு நாள் கேட்டார்கள், இரண்டு நாள் கிடைத்தது

தம்பியைப் பிடித்துக்கொண்டு போனது ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு எட்டு மணிக்கு. பினாங்குத் தீவில், ஆயர் ஈத்தாமில் எங்கள் ஃப்ளாட்டுக்குக் கீழே, மோட்டார் நிறுத்தும் இடத்தில். சாதாரண உடையில் மூன்று பேர். அவன் கையில் இருந்த கைப்பேசியை வாங்கி, அதன் எண்ணைத் தங்களிடம் இருந்த தாளோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுக் காரில் ஏறச் சொல்லியிருக்கிறார்கள். கீழ்வீட்டுப் பையன் ஓடிவந்து சொல்லி நான் இறங்குவதற்குள் கார் போய்விட்டது.

அந்தக் கைப்பேசியைக் கூட வேலை செய்த ஒருவனிடம் 450 வெள்ளிக்கு வாங்கியிருந்தான். அது திருட்டுப் பொருள் என்பது அன்றைக்குத்தான் எங்களுக்குத் தெரியவந்தது.

அம்மாவும் நானும் இரண்டு பாலாய்களுக்கு, அதாவது போலீஸ் நிலையங்களுக்கு, அலைந்தோம். முதல் இடத்தில் இல்லை என்றார்கள். இரண்டாவது இடத்தில், இருக்கிறான், நாளைக் காலையில் வாருங்கள் என்றார்கள். என்ன குற்றம் என்று கேட்டேன், பதில் வரவில்லை. ஒரு நிமிஷம் முகத்தைப் பார்த்துவிட்டுப் போகிறேன் என்று அம்மா கெஞ்சினார், அதற்கும் முடியாது என்றார்கள். அவனுக்கு ஆஸ்துமா உண்டு. வாயில் அடிக்கிற அந்தக் குப்பி வீட்டில் மேசைமேல் கிடந்தது. அதையாவது வாங்கிக் கொடுங்கள் என்றதற்கு, காலையில் பார்க்கலாம் என்றார்கள்.

லாக்காப், போலீஸ் காவலறை, என்ற சொல்லைக் கேட்டாலே நம் வீடுகளில் அடிவயிறு கலங்கும். 2009 ஜனவரியில் 22 வயது குகன் போலீஸ் காவலில் இறந்துபோனதை நம்மில் யார் மறந்தோம்? அந்தக் குடும்பம் போட்ட வழக்கில் 2013இல் உயர் நீதிமன்றம் அவர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. ஆனால் அன்றிரவு அம்மாவின் மனதில் தீர்ப்பு எதுவும் இல்லை. பிள்ளையின் படத்தைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்தத் தாயின் முகம் மட்டும்தான் இருந்தது.

எங்கள் மாடியில் ஒரு மாமா இருக்கிறார். கோர்ட்டில் தமிழ் மொழிபெயர்ப்பாளராக வேலை செய்து ஓய்வு பெற்றவர். இரவு பதினொன்றரைக்கு அவர் கதவைத் தட்டினோம். அவர் அன்று சொன்னது எல்லாக் குடும்பங்களுக்கும் தெரிந்திருக்க வேண்டும் என்பதால்தான் இதை எழுதுகிறேன்.

பிடித்த 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன்னால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும், இது அரசியலமைப்புச் சட்டத்தின் 5ஆவது விதியிலேயே இருக்கிறது என்றார். அதற்கு மேல் வைத்திருக்க வேண்டுமானால் போலீஸ் ரிமாண்ட் கேட்க வேண்டும். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 117ஆவது பிரிவின்படி, 14 ஆண்டுக்குக் குறைந்த தண்டனையுள்ள குற்றம் என்றால் முதல் தடவை அதிகபட்சம் நாலு நாள், அடுத்த தடவை மூன்று நாள். அதைவிடப் பெரிய குற்றம் என்றால் ஏழும் ஏழும். இந்த நாள் கணக்கெல்லாம் உச்ச வரம்புதான், கேட்டவுடன் அப்படியே கொடுக்க வேண்டும் என்று சட்டத்தில் எங்கும் இல்லை. இதை மாமா இரண்டு தடவை சொன்னார்.

அப்புறம் சொன்னார்: "லாயர் இல்லாம பிள்ளைய ரிமாண்டுக்குப் போக விடாதம்மா. காசு வேணாம். ஏழரைக்கெல்லாம் கோர்ட்ல நில்லு."

காசு வேண்டாம் என்பதை நான் நம்பவில்லை. உண்மைதான். தேசிய சட்ட உதவி அறவாரியம், ஒய்பிஜிகே என்பார்கள், 2011இல் அமைத்து 2012இலிருந்து நடக்கிறது. மலேசியக் குடிமகனாக இருந்தால் போதும், ரிமாண்ட் கட்டத்தில் சம்பளம் எவ்வளவு என்றுகூடக் கேட்பதில்லை. வழக்குப் பதிவான பிறகுதான் வருமானக் கணக்குப் பார்ப்பார்கள்.

திங்கட்கிழமை விடியும்போதே லெபோ லைட் தெருவில் கோர்ட் வாசலில் நின்றோம். அந்தக் கட்டடத்தை எத்தனை தடவை கடந்து போயிருப்பேன், ஒரு நாளும் உள்ளே போனதில்லை. இந்தத் தீவில் 1808இலிருந்து நீதிமன்றம் இருக்கிறது. பக்கத்தில் மரநிழலில் லோகன் என்ற வழக்கறிஞருக்கு ஊர்மக்கள் எழுப்பிய நினைவுச் சின்னம். உள்ளூர்க்காரர்களுக்காக வாதாடியவராம், 1869இல் இறந்துபோனவர். அம்மா அதன் படியில் உட்கார்ந்து கந்த சஷ்டி கவசம் சொல்லிக்கொண்டிருந்தார்.

எட்டரைக்கு வண்டி வந்தது. ஆரஞ்சு சட்டையில், ஒருவரோடு ஒருவர் சேர்த்து விலங்கு மாட்டி, ஒன்பது பேர். அதில் ஐந்து பேர் நம் பிள்ளைகள். தம்பி ஏழாவதாக இறங்கினான். மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது, தூரத்திலிருந்தே தெரிந்தது.

ஒய்பிஜிகேயின் டியூட்டி லாயர் சின்ன வயதுப் பெண், தமிழ்தான். கையில் பெயர்ப் பட்டியலோடு நேரே எங்களிடம் வந்து, "யாரோட குடும்பம் ஆன்ட்டி?" என்று கேட்டார். அடுத்த ஐந்து நிமிஷம் கேள்விக்கு மேல் கேள்வி. எங்கே வேலை? சம்பளச் சீட்டு இருக்கிறதா? எத்தனை வருஷமாக இதே முகவரி? நோய் ஏதாவது? பொருளை யாரிடம் வாங்கினான், வாட்ஸ்அப்பில் பேசியது இருக்கிறதா? மாமா சொல்லியிருந்ததால் சம்பளச் சீட்டு, மருத்துவமனை அட்டை, ஆஸ்துமா குப்பி எல்லாம் என் பையில் இருந்தன. பக்கத்தில் நின்ற இன்னொரு அம்மாவிடம் எதுவுமே இல்லை. மகனின் ஐசி (அடையாள அட்டை) நகலைத் தவிர வெறுங்கையோடு வந்திருந்தார். அவருக்கு யாரும் சொல்லவில்லை.

ரிமாண்ட் அறைக்குள் குடும்பத்தை விடவில்லை. அதனால் உள்ளே நடந்ததை அந்த லாயர் மிஸ் வெளியே வந்து சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

ஐஓ, அதாவது விசாரணை அதிகாரி, நாலு நாள் கேட்டிருக்கிறார். காரணம், கூட்டாளிகளைத் தேட வேண்டும், விசாரிக்க வேண்டும் என்பது. மிஸ் எழுந்து, கைப்பேசியைப் போலீஸ் ஏற்கெனவே எடுத்துவிட்டது, இவனுடைய வாக்குமூலத்தை இரவே பதிந்துவிட்டார்கள், விற்றவனின் பெயரையும் நம்பரையும் இவனே கொடுத்துவிட்டான், நிரந்தர வேலையும் முகவரியும் இருக்கிறது, இனி இவனை லாக்காப்பில் வைத்திருந்து செய்ய வேண்டிய விசாரணை என்ன என்று கேட்டிருக்கிறார். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 28ஏ பிரிவையும் எடுத்திருக்கிறார். விசாரிப்பதற்கு முன்னால் வீட்டாருக்குத் தகவல் சொல்லவும் லாயரிடம் பேசவும் விட வேண்டும் என்று அந்தப் பிரிவு சொல்கிறது. தம்பிக்கு அது எதுவும் நடக்கவில்லை.

மாஜிஸ்திரேட் விசாரணை டைரியின் நகலை வாங்கிப் படித்தாராம். படித்துவிட்டு ஐஓவைப் பார்த்து, "ஏன் நாலு நாள்?" என்று கேட்டாராம்.

இரண்டு நாள் கொடுத்தார். மருந்துக் குப்பியை அவனிடமே கொடுக்க வேண்டும், தேவைப்பட்டால் மருத்துவமனைக்குக் கூட்டிப்போக வேண்டும் என்றும் உத்தரவில் எழுதினார். மிஸ் இதைச் சொன்னபோது நான் அழுதுவிட்டேன். இரண்டு நாள் மிச்சமானது பெரிதுதான். ஆனால் எனக்கு அழுகை வந்தது அந்த ஒரு கேள்விக்காக. முந்தின இரவு முழுவதும் நாங்கள் கேட்ட எதற்கும் பதில் சொல்ல யாருக்கும் அவசியம் இல்லாமல் இருந்தது. காலையில் ஒருவர் கேட்டார், பதில் சொல்லியே ஆக வேண்டியிருந்தது.

அன்று சாயங்காலம் மாமாவிடம் சொன்னபோது அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். 1988இல் அவர் வேலையில் இருந்தவர். அந்த வருஷம்தான் நீதித்துறைத் தலைவராக இருந்த துன் சாலே அபாஸும் அவரோடு உச்ச நீதிமன்ற நீதிபதிகள் இருவரும் பதவி நீக்கம் செய்யப்பட்டார்கள். நீதி அதிகாரம் நீதிமன்றங்களுக்கு உரியது என்ற வார்த்தைகளை அரசியலமைப்பின் 121ஆவது விதியிலிருந்து எடுத்ததும் அதே வருஷம்தான். அதற்குப் பிறகு 2017இல் நில எடுப்புத் தொடர்பான செமினி ஜெயா வழக்கிலும், 2018 ஜனவரியில் பிள்ளைகளை மதம் மாற்றியதை எதிர்த்து ஒரு தாய் போட்ட, நம் எல்லாருக்கும் தெரிந்த இந்திரா காந்தி வழக்கிலும்தான், அந்த அதிகாரம் நீதிமன்றங்களை விட்டுப் போகவில்லை என்று கூட்டரசு நீதிமன்றம் அழுத்திச் சொன்னது.

மாமா இன்னொன்றும் சொன்னார். அவர் காலத்தில் மாஜிஸ்திரேட்டும் அரசுத் தரப்பு வக்கீலும் ஒரே சேவையைச் சேர்ந்த அதிகாரிகள். இந்த வருஷம் தீர்ப்புச் சொல்கிறவர் அடுத்த வருஷம் அரசுக்காக வாதாடும் இடத்துக்கு மாற்றப்படலாம். உயர் நீதிமன்ற நீதிபதிக்கு இருக்கிற பதவிப் பாதுகாப்பு இவர்களுக்குக் கிடையாது. "அப்படி இருந்தும் அந்த மாஜிஸ்திரேட் பொண்ணு டைரியப் படிச்சிட்டுக் கேட்டிருக்குது பாரு" என்றார். படிக்காமல் கையெழுத்துப் போட்ட காலைகளையும் அவர் நிறையப் பார்த்திருக்கிறார். லாயர் இல்லாத பிள்ளைகளுக்கு அது பெரும்பாலும் அப்படித்தான் முடியும் என்றார். பட்டியல் நீளம், நேரம் கிடையாது, உள்ளே நிற்கிற பிள்ளைக்கு வாய் திறக்கலாம் என்பதே தெரியாது.

இரண்டாம் நாள் சாயங்காலம் போலீஸ் ஜாமீனில் விட்டார்கள். எல்லாம் முடிந்தது என்று நினைத்தோம். மூன்று மாதம் கழித்துக் கூப்பிட்டு, தண்டனைச் சட்டம் 411ஆவது பிரிவில், திருட்டுப் பொருளை வைத்திருந்ததாகக் குற்றம் சாட்டினார்கள். வழக்குப் போடுவதா வேண்டாமா என்று முடிவு செய்வது கோர்ட் கிடையாது. அரசியலமைப்பின் 145ஆவது விதி அந்த அதிகாரத்தைச் சட்டத்துறைத் தலைவருக்குக் கொடுக்கிறது. அவரே அரசாங்கத்துக்குச் சட்ட ஆலோசகரும் என்பதால், இரண்டு பொறுப்பையும் பிரிக்க வேண்டும் என்று பல வருஷமாகப் பேசுகிறார்கள். எனக்கும் அது சரியென்றே படுகிறது.

குற்றம் சாட்டிய அன்றுதான் பெரிய சோதனை. "மெங்காக்கு பண்ணிடு (குற்றத்தை ஒத்துக்கோ), சீக்கிரம் முடியும்" என்று அவனிடம் சொல்லாத ஆளில்லை. லாக்காப்பில் கூட இருந்தவர்கள் சொன்னார்கள், வெளியே சொந்தக்காரர்களும் சொன்னார்கள். ஒப்புக்கொண்டால் தண்டனை குறையும், அது உண்மைதான். ஆனால் குற்றப் பதிவு வாழ்நாள் முழுவதும் கூடவே வரும். இருபத்து மூன்று வயதுப் பையன், இதற்குமேல் அம்மாவை அலைய வைக்க வேண்டாம் என்று நினைத்துத் தலையாட்டத் தயாராகிவிட்டான்.

குற்றச்சாட்டை மலாயில் வாசித்தார்கள். தம்பிக்கு மலாய் பேச வரும், ஆனால் அந்த மலாய் வேறு. தமிழில் வாசிக்க வேண்டும் என்று மிஸ் கேட்டார். மொழிபெயர்ப்பாளர் வந்து நிதானமாக வாசித்தார்: திருட்டுப் பொருள் என்று தெரிந்தோ, அப்படி நம்பக் காரணம் இருந்தோ, நேர்மையில்லாமல் வைத்திருந்தாய். தெரிந்தோ என்ற இடத்தில் தம்பி தலையைத் தூக்கினான். "தெரியாதுங்க" என்றான். வழக்கு நடத்துகிறேன் என்று சொன்னான்.

ஜாமீன் 2,500 வெள்ளி, ஒரு குடிமகன் கையெழுத்து. நான் போட்டேன். கையில் 900தான் இருந்தது. மீதியை அம்மா கட்டும் கூட்டுச் சீட்டில் முன்கூட்டியே எடுத்தோம். யாராவது இந்த நிலையில் இருந்தால் ஒன்று சொல்கிறேன்: பணம் கையில் இருந்தால் மட்டும் போதாது. கவுண்டர் மூடுவதற்குள் கட்டி, தாள்கள் எல்லாம் முடிந்தாக வேண்டும். இல்லையென்றால் அன்றிரவு சிறைதான். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கவுண்டர் மூடியிருந்த அந்த ஒரு மணி நேரமும், வெளியே கைதிகளை ஏற்றும் பிளாக் மரியா வண்டி நிற்பதைப் பார்த்துக்கொண்டே நின்றேன். மூன்றரைக்கு விட்டார்கள்.

அப்புறம் தவணை மேல் தவணை. பதினொரு மாதத்தில் ஆறு தடவை. ஒவ்வொரு தடவையும் எனக்கும் அவனுக்கும் ஒரு நாள் சம்பளம் போனது. மூன்றாவது தடவையோடு அவன் வேலையும் போனது. மிஸ் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 51ஏ பிரிவின்படி அரசுத் தரப்பின் ஆவணங்களை வாங்கினார். தம்பி பணம் கொடுத்த அன்று விற்றவனிடம், "பெட்டி இருக்கா, ரசீது இருக்கா" என்று கேட்ட வாட்ஸ்அப் பேச்சையும், அவன் "வீட்ல இருக்கு, நாளைக்குத் தர்றேன்" என்று அனுப்பிய பதிலையும் சேர்த்து, குற்றச்சாட்டை மீட்டுக்கொள்ளும்படி அரசுத் தரப்புக்கு எழுதினார். பதில் வர நாலு மாதம் ஆனது.

விசாரணை தொடங்க வேண்டிய அன்று, வழக்கைத் தொடரவில்லை என்று அரசுத் தரப்பு சொன்னது. நான் கும்பிட்டுவிட்டு எழுந்தேன். மிஸ் கையைக் காட்டி உட்காரச் சொன்னார். லெபாஸ் (விடுவிப்பு) மட்டும் கிடைத்தால் அதே வழக்கை இன்னொரு நாள் திரும்பக் கொண்டுவரலாம், லெபாஸும் பெபாஸும் (முழு விடுதலையும்) சேர்ந்து கிடைத்தால்தான் முடிந்தது என்று அர்த்தம். அதைக் கேட்டு வாதாடினார். மாஜிஸ்திரேட் அரசுத் தரப்பைப் பார்த்து, திரும்பக் குற்றம் சாட்டும் எண்ணம் இருக்கிறதா, புதுச் சாட்சியம் ஏதாவது உண்டா என்று கேட்டார். இல்லை என்று பதில் வந்தது. முழுவதுமாக விடுவித்தார்.

அம்மா நேராக லெபோ குவீன் மாரியம்மன் கோயிலுக்கு நடந்தார். நான் மிஸ்ஸைத் தேடினேன். அவர் அதற்குள் ரிமாண்ட் அறைப் பக்கம் போய்விட்டிருந்தார்.

ஜாமீன் பணம் தானாக வீடு தேடி வராது, நாம்தான் விண்ணப்பிக்க வேண்டும். ரசீதை பத்திரமாக வைத்திருந்ததால் சிரமமில்லை. விடுதலை உத்தரவின் சான்றளித்த நகலையும் அப்போதே கேட்டு வாங்கினேன். ரோட்டில் போலீஸ் நிறுத்தி ஐசியைத் தட்டிப் பார்த்தால், பழைய கைது இன்னும் அதில் இருக்கலாம் என்று மாமா எச்சரித்திருந்தார். மூன்று பிரதி எடுத்தோம். ஒன்று அம்மாவின் பீரோவில், ஒன்று என் அலுவலக மேசையில். மூன்றாவதைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு மோட்டார் சீட்டுக்கு அடியில் வைத்திருக்கிறான் தம்பி.