இரசக்கலவையைச் சேர்த்துப் படியுங்கள்

பாதரசம் வேறொரு உலோகத்தோடு சேர்ந்து உண்டாகும் கலவைதான் இரசக்கலவை. பிளஸ் டூ வேதியியலில் அதற்கென்று தனிப் பாடம் கிடையாது. மின்வேதியியலில் ஒரு மின்கலம், கார்பனைல் சேர்மங்களில் ஒரு ஒடுக்கம் (ஆக்சிஜனேற்றத்துக்கு எதிரான வினை) என்று அங்கங்கே சிதறிக் கிடக்கும். சேலத்தில் தமிழ் வழியில் படித்தபோது, இவற்றைத் தனித்தனியாக உருப்போடாமல் ஒரே தாளில் சேர்த்து எழுதி வைத்தேன். நீட்டுக்கும் அந்தத் தாள்தான் கைகொடுத்தது. இப்போது தங்கைக்கும் அப்படித்தான் சொல்லிக்கொடுக்கிறேன்.

தாளின் மேலே ஒரே கேள்வி: பாதரசம் சேர்ந்ததும் அந்த உலோகத்தின் குணம் எப்படி மாறுகிறது?

சோடியம் அடங்கிவிடுகிறது. தண்ணீர் பட்டாலே சீறிப் பாயும் உலோகம், இரசக்கலவையில் இருக்கும்போது நிதானமாக வினைபுரியும். அதனால்தான் மென்மையான ஒடுக்கியாகப் பயன்படுகிறது.

பாதரசத்தை எதிர்மின்முனையாக வைத்து உப்புக் கரைசலிலிருந்து காஸ்டிக் சோடா (சோடியம் ஹைட்ராக்சைடு) எடுக்கும் காஸ்ட்னர்-கெல்னர் முறையை இந்த இடத்திலேயே படித்துவிடுங்கள். மேட்டூரில் காஸ்டிக் சோடா ஆலை இருக்கும் மாவட்டத்துக்காரர்களுக்கு அது அன்னியமான விஷயமும் இல்லை. உப்புக் கரைசலை மின்னாற்பகுத்தால் எதிர்மின்முனையில் ஹைட்ரஜன் அல்லவா வர வேண்டும், சோடியம் எப்படி வருகிறது? இந்தக் கேள்வியில் பலரும் தடுமாறுகிறார்கள். காரணம் இரண்டு. பாதரசப் பரப்பில் ஹைட்ரஜன் வெளியேற மிகை மின்னழுத்தம், அதாவது கணக்குப்படி வேண்டியதற்கு மேல் கூடுதல் மின்னழுத்தம், அதிகம் தேவைப்படுகிறது. சோடியமோ வந்த உடனே பாதரசத்தில் கரைந்துவிடுவதால் அதன் வேலை சுலபமாகிறது. பிறகு அந்த இரசக்கலவையை வேறொரு கலத்தில் நீருடன் வினைபுரிய விட்டால் சோடியம் ஹைட்ராக்சைடும் ஹைட்ரஜனும் கிடைக்கும், பாதரசம் திரும்பி வரும். பாதரசக் கழிவின் ஆபத்தால் இன்று சவ்வுக் கலங்கள் அந்த இடத்தைப் பிடித்துவிட்டன.

துத்தநாகம் இரண்டு இடங்களில் வரும். மெர்குரி பட்டன் செல்லில் ஆனோடு (ஆக்சிஜனேற்றம் நடக்கும் மின்முனை) துத்தநாக இரசக்கலவை. பாதரசம் இருப்பதால் துத்தநாகம் வீணாக அரிக்கப்படுவதில்லை. மின்னழுத்தம் 1.35 வோல்ட் என்று மட்டும் படித்தால் போதாது. அது ஏன் கடைசிவரை மாறாமல் இருக்கிறது என்பதையும் எழுதத் தெரிய வேண்டும்: ஒட்டுமொத்த வினையில் செறிவு மாறக்கூடிய அயனி எதுவும் இல்லை. அப்புறம் கிளமன்சன் ஒடுக்கம், கார்பனைல் தொகுதியை (C=O) CH₂ ஆக்கும் வினை. துத்தநாக இரசக்கலவையும் அடர் ஹைட்ரோகுளோரிக் அமிலமும் சேர்ந்து அசிட்டோனைப் புரப்பேனாக்கும். அமிலத்தைத் தாங்காத சேர்மம் என்றால் அதே மாற்றத்தைக் காரத்தில் செய்யும் உல்ஃப்-கிஷ்னர் ஒடுக்கத்தின் பக்கம் போங்கள்.

எனக்கு மிகவும் பிடித்தது அலுமினியம், ஏனென்றால் இங்கே கதை தலைகீழ். ஏற்காடு மலையில் வெட்டிய பாக்சைட் மேட்டூர் அலுமினிய ஆலைக்குப் போனது நம்மூரில் பலருக்கும் தெரியும். அந்த உலோகத்தைக் காப்பதே அதன் மேலுள்ள ஆக்சைடு படலம்தான். பாதரசம் பட்டால் படலம் ஒட்டி நிற்க முடியாது. காற்றுப் படப் பட அலுமினியத்திலிருந்து வெள்ளை வெள்ளையாகப் பஞ்சு முளைப்பதுபோல ஆக்சைடு வளரும். விமானத்தில் பாதரசத்தை எடுத்துச் செல்லக் கட்டுப்பாடு இருப்பது இதனால்தான். சோடியத்தை அடக்கிய அதே பாதரசம் அலுமினியத்தை அவிழ்த்துவிடுகிறது. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள்.

இரும்பு சுலபத்தில் இரசக்கலவை ஆகாது. கஞ்சமலை இரும்புத்தாதுவை நினைத்துக்கொண்டால் மறக்காது. பாதரசத்தை இரும்புக் குடுவையில் அடைத்து அனுப்புவதும் அதனால்தான்.

பல் அடைக்கும் இரசக்கலவையில் ஏறக்குறைய பாதி பாதரசம், மீதி வெள்ளி, வெள்ளீயம், தாமிரம். இதற்கு இவ்வளவு போதும்.

லேபில் தெர்மாமீட்டர் உடைந்தால், மேசையில் குண்டுமணிபோல் உருளும் துளிகளைக் கையால் தொடாதீர்கள். மோதிரம், வளையல் எதுவானாலும் கழற்றி வைத்துவிட்டு விலகி நில்லுங்கள். தங்கத்தில் பட்டால் அந்த இடம் வெளுத்துவிடும், வெள்ளியையும் அது விடாது. ஜன்னலைத் திறந்துவிட்டு உடனே ஆசிரியரைக் கூப்பிடுங்கள். அவர் கந்தகப் பொடி தூவுவார். ஏன் கந்தகம் என்று அவரிடமே கேட்டு, பதிலையும் அதே தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.