கையெழுத்து வைத்தால் காணி போகுமா?

கிழக்கிலங்கையின் தம்பிலுவிலில் எங்கள் பின்வளவில் குடியிருக்கும் பிள்ளைக்குக் குழந்தை கிடைத்து 31ஆம் நாள் துடக்கு, அதாவது பிள்ளைப்பேற்றுத் தீட்டு, கழித்த அன்று, சாப்பிட்டுக் கை கழுவ எழும்பிய என்னை அவள் வேலியோரமாகக் கூப்பிட்டாள். "மாமா, இவர் வாற கிழமை கத்தாருக்குப் போறார். புள்ளைட பதிவுல இவருட பேரைப் போடலாமா? நாங்க எழுதல்லயே" என்றாள். எங்கள் பக்கத்தில் எழுதுவது என்றால் கலியாணம் எழுதுவது, அதாவது விவாகப் பதிவு. முப்பது வருடம் படிப்பித்து ஓய்வு பெற்ற என்னைப் படிவம் நிரப்பத் தெரிந்த ஆள் என்று ஊரார் நம்புகிறார்கள். அந்த நம்பிக்கையால் கற்றுக்கொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அவர்கள் எழுதாததற்குக் காரணம் வறுமையோ பையனின் ஏமாற்றோ அல்ல. இருவரும் ஒரே குடி, அதாவது ஒரே குலம். மட்டக்களப்பு, அம்பாறைக் கரையோரத் தமிழருக்குக் குடி தாய்வழியாக, வயிற்று வாராக, இறங்கி வருவது. ஒரே குடிக்குள் பிறந்தவர்கள் அண்ணன் தங்கை முறை என்பதால் அவர்களுக்குள் சம்பந்தம் இல்லை என்பது ஊர் வழமை. நாட்டின் விவாகச் சட்டம் விலக்கி வைத்திருக்கும் உறவுகளின் பட்டியலில் குடி என்ற சொல்லே இல்லை. பதிவாளர் அதைக் கேட்கவும் மாட்டார். ஆனாலும் பையனின் தாய் கேட்டார், தாயின் தமையன் கேட்டார், கோயிலை நிருவகிக்கும் வண்ணக்கர் கேட்டார். அதனால் கலியாணம் தள்ளிப் போனது; குழந்தை தள்ளிப் போகவில்லை.

பெற்றோர் விவாகம் செய்யாதவர்களாக இருந்தாலும் தந்தையின் பெயரைப் பதியலாம். 1951ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம் அதற்கு இரண்டு வழிகளை வைத்திருக்கிறது. ஒன்று, தாயும், தானே தந்தை என்று ஏற்றுக்கொள்ளும் ஆணும் கூட்டாகக் கேட்டு, இருவருமே பதிவேட்டில் ஒப்பமிடுவது. மற்றையது, தகுதியுள்ள நீதிமன்றம் ஒன்றின் கட்டளை. தாய் தனியே வந்து இன்னார்தான் தகப்பன் என்று சொன்னால் பதிவாளர் எழுத மாட்டார். ஆண் தனியே வந்து இது என் பிள்ளை என்று சொன்னாலும் எழுத மாட்டார். முதலாவதைக் கேட்கும் பெண்கள் அது அநியாயம் என்பார்கள், இரண்டாவதைக் கேட்கும் ஆண்கள் அதையே சொல்வார்கள். என் எண்ணத்தில் இரண்டும் சரியானவையே. ஒருவர் வாயால் இன்னொருவரைத் தகப்பனாக்கிவிடுவதும், கேட்காமலே ஒருவன் வந்து பிள்ளைக்கு உரிமை கொண்டாடுவதும் பதிவாளரின் மேசையில் தீர்க்கக்கூடிய காரியங்கள் அல்ல.

பிறப்பை 42 நாட்களுக்குள் அறிவிக்க வேண்டும். மூன்று மாதம் கடந்துவிட்டால் அது காலங்கடந்த பதிவாகி, பிரகடனம், சாட்சி, கிராம உத்தியோகத்தரின் அறிக்கை என்று கோப்பு பருத்துவிடும். துடக்குக் கழியும் வரை பச்சைப்பிள்ளைக்காரி வெளியே போகக் கூடாது என்பது எங்கள் வீடுகளின் வழக்கம். 31ஐ 42இல் கழித்தால் மிச்சம் 11 நாள். அதில் சனி, ஞாயிறு, பூரணை விடுமுறை, பையனின் மருத்துவப் பரிசோதனை, முகவர் நிலையத்துக்குக் கொழும்புப் பயணம் எல்லாம் போனால் கையில் எஞ்சுவது நான்கைந்து நாள்தான். போதாக்குறைக்குக் குழந்தை பிறந்தது கல்முனையில். பிறப்பு எந்தப் பிரிவில் நிகழ்ந்ததோ அந்தப் பிரிவின் பதிவாளரிடம்தான் பதிய வேண்டும். வீட்டுக்குக் கிட்ட இருக்கிறார் என்று நம் ஊர்ப் பதிவாளரிடம் போய்ப் பயனில்லை.

நேரம் குறைவு என்பதையாவது சமாளித்திருக்கலாம். பையனின் தாய்தான் மலைபோல நின்றார். பெயர் போடட்டும், ஆனால் கையெழுத்து வைக்கக் கூடாது என்றார். கையெழுத்து இல்லாமல் பெயர் இல்லை என்று நான் விளங்கப்படுத்தியபோது, கடைசியில் உண்மையான பயம் வெளியே வந்தது: "மாஸ்டர், இவன் கையெழுத்து வெச்சா சாகாமத்து வயல் அந்தப் புள்ளைக்குப் போயிரும். மறுகா இவனுக்கு வேற கலியாணம் பேசினா அந்தப் பொண்டாட்டி புள்ளைக்கு என்ன கிடக்கும்?"

இந்தப் பயத்தை நான் பல வீடுகளில் கண்டிருக்கிறேன். இதன் மறுபக்கமான நம்பிக்கையைப் பெண் வீடுகளிலும் கண்டிருக்கிறேன்: கையெழுத்து விழுந்துவிட்டது, இனிப் பிள்ளைக்கு வயலில் பங்கு உண்டு என்று. இரண்டும் பிழை. எங்கள் பக்கத்துத் தமிழருக்குத் தேசவழமை என்ற வழமைச் சட்டம் பொருந்தாது, அது யாழ்ப்பாணத்தாருக்கு. எங்களுக்குப் பொதுச் சட்டம், அதாவது 1876ஆம் ஆண்டின் 15ஆம் இலக்க விவாக உரிமைகளும் மரபுரிமையும் பற்றிய கட்டளைச் சட்டம். அதன்படி விவாகத்துக்குப் புறம்பாகப் பிறந்த பிள்ளை, மரண சாசனம் எழுதாமல் இறக்கும் தாயின் சொத்துக்கு உரித்தாளி. தந்தையின் சொத்துக்கு உரித்தாளி அல்ல. தந்தை பதிவேட்டில் ஒப்பமிட்டிருந்தாலும் நிலை அதுதான். அவர் கொடுக்க விரும்பினால் நொத்தாரிசிடம் போய் நன்கொடை உறுதி முடிக்கலாம், அல்லது மரண சாசனம் எழுதலாம். ஒன்றும் எழுதாமல் கண்ணை மூடினால் அந்தப் பிள்ளைக்கு வயல் இல்லை.

இந்தச் சட்டம் நியாயமானதா என்று கேட்டால் இல்லை என்றே சொல்வேன். பிள்ளை தன் பிறப்பின் முறையைத் தேர்ந்தெடுப்பதில்லை. ஆனால் அதன் வேரைப் பார்த்தால் ஒரு வேடிக்கை தெரியும். இலங்கையின் பொதுச் சட்டத்துக்கு அடியில் கிடப்பது ரோமன் டச்சுச் சட்டம். ஒரு தாய் முறைதவறிய பிள்ளையைப் பெறுவதே இல்லை என்பது டச்சுக்காரரான அந்த ஒல்லாந்தரின் பழைய சட்ட வாக்கு. தாய்க்கு எல்லாப் பிள்ளையும் ஒரே பிள்ளைதான் என்பது பொருள். அந்த ஒல்லாந்தர் 1602இல் முதன்முதல் வந்து இறங்கியது மட்டக்களப்பில். அவர்களின் கோட்டைக்குள்தான் எங்கள் கச்சேரி, அதாவது மாவட்டச் செயலகம், நெடுங்காலம் இயங்கியது. பிள்ளையின் குடியைத் தாயிடமிருந்தே எடுக்கும் எங்கள் வழமையும், தாய்க்கு முறைதவறிய பிள்ளை இல்லை என்ற ஒல்லாந்தச் சட்டமும் ஒன்றையொன்று அறியாமலே ஒரே இடத்தில் வந்து நின்றிருக்கின்றன. தாய் யார் என்பதற்கு இரண்டுமே கடதாசி கேட்கவில்லை. கடதாசியெல்லாம் தகப்பனுக்குத்தான்.

கையெழுத்தினால் வயல் வராவிட்டால் வேறு என்னதான் வரும் என்று பையனே கேட்டான். வருவது தாபரிப்பு, அதாவது பிள்ளையின் பராமரிப்புச் செலவு. 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கத் தாபரிப்புச் சட்டம், விவாகத்துள் பிறந்த பிள்ளை, புறம்பாகப் பிறந்த பிள்ளை என்று வேறுபாடு பார்க்காமல், வசதியுள்ள பெற்றோர் 18 வயது வரை பிள்ளையைப் பராமரிக்க வேண்டும் என்கிறது. தன்னைத் தானே பராமரிக்க முடியாத நிலையில் இருந்தால் 18க்கும் 25க்கும் இடைப்பட்ட மகனோ மகளோகூடக் கேட்கலாம். நீதவான் கட்டளையிட்ட மாதாந்தப் பணத்தைக் கட்டாமல் விட்டால் மறியலும் உண்டு. பதிவேட்டில் அவன் வைத்த ஒப்பம், பிற்காலத்தில் அவன் மறுத்தாலும், அவன் வாயாலேயே சொன்ன சாட்சியாக நிற்கும். அவன் சிறிது நேரம் யோசித்துவிட்டு, "அது நான் குடுக்கத்தானே போறன்" என்றான். கையெழுத்து வைப்பதால் பிள்ளையைத் தாயிடமிருந்து பிரித்தெடுக்கும் உரிமை அவனுக்கு வந்துவிடாது என்பதையும் பெண்ணின் தகப்பனுக்குச் சொல்ல வேண்டியிருந்தது. விவாகத்துக்குப் புறம்பான பிள்ளையின் இயற்கைப் பாதுகாவலர் தாய்தான்.

மறுக்கும் ஆண்களைப் பற்றி எழுதாமல் விட்டால் இந்தப் பதிவு பொய்யாகிவிடும். என் சின்னம்மாவுக்கு 1984இல் ஒரு மகன் பிறந்தான். தகப்பன் என்று எல்லோரும் அறிந்தவர் முதல் மாதம் ஒரு மூட்டை நெல் அனுப்பினார். பிறகு ஆளைக் காணவில்லை. சின்னம்மா அழுது, காத்திருந்து, பெரியவர்களை அனுப்பிப் பேசிப் பார்த்து, நீதிமன்றத்துக்குப் போகும்போது பிள்ளைக்கு 14 மாதம். அப்போது நடைமுறையில் இருந்தது 1889ஆம் ஆண்டின் தாபரிப்புக் கட்டளைச் சட்டம். பிள்ளை பிறந்து 12 மாதத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும், அல்லது அந்த 12 மாதத்துக்குள் தகப்பன் பிள்ளையைப் பராமரித்திருக்க வேண்டும் அல்லது பணம் கொடுத்திருக்க வேண்டும் என்பது அதன் விதி. அதோடு, தாயின் சாட்சியம் மட்டும் போதாது, அதை உறுதிப்படுத்தும் வேறு சாட்சியமும் வேண்டும். நெல் மூட்டையைக் கொண்டுவந்த வண்டில்காரர் சாட்சி சொல்ல மறுத்துவிட்டார். வழக்கு நிற்கவில்லை. என் தம்பி இன்றுவரை எங்கள் தாத்தாவின் பெயரின் முதலெழுத்தைத்தான் தன் பெயருக்கு முன்னால் போடுகிறான். அவனுடைய பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் தகப்பனின் கூட்டில் ஒரு கோடு இழுத்திருக்கும்.

அந்த 12 மாதக் கதவை 1999ஆம் ஆண்டுச் சட்டம் அகற்றிவிட்டது. இப்போது நீதவான் எதிர்பார்ப்பது தந்தைமையை வலுவாக நிறுவும் சாட்சியம். எது வலுவான சாட்சியம் என்று கேட்டு வருகிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான்: கைபேசியை மாற்றாதீர்கள், மாற்றினாலும் பழையதை விற்காதீர்கள். செய்திகள், குரல் பதிவுகள், வங்கியில் போட்ட பணத்தின் துண்டு, கர்ப்பிணிப் பதிவேட்டில் கணவர் என்று அவர் சொல்லி எழுதிய பெயர், துடக்குக் கழித்த அன்று பிள்ளையை மடியில் வைத்து எடுத்த படம் எல்லாம் நெல் மூட்டையை விடப் பலமானவை. மரபணுப் பரிசோதனை இன்று எல்லோரும் அறிந்த சொல்லாகிவிட்டது. அதற்கு அந்த ஆளும் மாதிரி கொடுக்க வேண்டும் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணம் இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போகலாம். இரு தரப்பும் முஸ்லிம்களாக இருந்தால் தாபரிப்புக் கோரிக்கை காதி நீதிமன்றத்துக்குப் போகும். அக்கரைப்பற்றிலிருந்தும் என்னிடம் கேட்டு வருகிறவர்கள் உண்டு என்பதால் இதையும் எழுதி வைக்கிறேன்.

இந்தக் கரையில் இன்னொரு சிக்கலும் உண்டு. கணவன் யுத்த காலத்தில் காணாமற்போய், பிறகு வேறொருவரோடு வாழ்ந்து பிள்ளை பெற்ற பெண்கள். சாட்சிக் கட்டளைச் சட்டத்தின் 112ஆம் பிரிவின்படி, விவாகம் நிலைத்திருக்கும்போது பிறந்த பிள்ளை அந்தக் கணவனின் பிள்ளை என்றே முடிவாகக் கொள்ளப்படும். கருத்தரித்திருக்கக்கூடிய காலத்தில் அவன் அவளை நெருங்கும் வாய்ப்பே இருக்கவில்லை என்று நிரூபித்தால்தான் அது மாறும். பத்து வருடமாகக் காணாத மனிதனின் பெயர் பிள்ளையின் மேல் வந்து இருப்பதை ஒரு தாய் எப்படித் தாங்குவாள் என்று எனக்குத் தெரியாது. இவர்கள் பதிவாளரிடம் போகுமுன் சட்டத்தரணி ஒருவரைக் காண்பதே நல்லது.

ஆசிரியனாக இருந்தவன் என்ற முறையில் ஒன்றை மட்டும் கொஞ்சம் கோபத்தோடு சொல்கிறேன். தகப்பன் மனம் மாறி வந்து ஒப்பமிடுவார் என்று காத்திருந்து, பிறப்பையே பதியாமல் விட்டுவிட்டு, முதலாம் தரத்துக்குப் பிள்ளையைக் கூட்டிவந்து என் மேசைக்கு முன்னால் வெறுங்கையோடு நின்ற தாய்மாரை நான் பார்த்திருக்கிறேன். தந்தையின் பெயர் இல்லாத பதிவும் முழுமையான பதிவுதான். அவர் வராவிட்டால் தாய் தனியே போய்ப் பதிய வேண்டும். பிறகு இருவரும் சேர்ந்து பிரகடனம் செய்து அவருடைய விபரத்தைச் சேர்த்துக்கொள்ளலாம். இல்லாத பதிவில் எதைச் சேர்ப்பது?

கல்முனைக்கு நாங்கள் போனது 38ஆம் நாள், ஒரு முச்சக்கர வண்டியில் ஐந்து பேர். வைத்தியசாலையில் கொடுத்த பிறப்பு அறிக்கை, இருவரின் அடையாள அட்டை, பிள்ளையின் வளர்ச்சிப் பதிவேடு எல்லாம் ஒரு சாறிக்கடைப் பையில். பதிவாளர் மெதுவாக, ஒவ்வொரு எழுத்தையும் உச்சரித்து எழுதுகிறவர். பெற்றோர் விவாகம் செய்தவர்களா என்ற கூட்டுக்கு வந்ததும் தலை நிமிர்த்தாமலே கேட்டார். இல்லை என்று அவள் சொன்னாள், அவர் எழுதிக்கொண்டு அடுத்ததற்குப் போனார். அவ்வளவு பயந்த கேள்வி அரை நிமிடத்தில் முடிந்துவிட்டது. பையன் பேனையை வாங்கிக் கையெழுத்து வைக்குமுன் வாசற்படியில் நின்ற தாயை ஒருமுறை திரும்பிப் பார்த்தான். அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வேறு பக்கம் பார்த்தார். அவன் வைத்தான்.

பத்திரத்தின் பிரதி கைக்கு வந்த அன்று அவன் கத்தாரில். அவனுடைய தாய்தான் அதை என்னிடம் கொண்டுவந்து, விவாகக் கூட்டில் விரலை வைத்து, "இந்த 'இல்லை'ய என்னெண்டு எடுக்கிற மாஸ்டர்?" என்று கேட்டார். இருவரும் பின்னர் விவாகம் எழுதினால் பிள்ளை சட்டப்படி விவாகத்துள் பிறந்த பிள்ளையாகிவிடும், பத்திரத்தையும் திருத்தலாம் என்றேன். அப்போது வயலிலும் உரித்து வரும் என்பதையும் மறைக்காமல் சொன்னேன். அவர் பத்திரத்தை மடித்து, வெற்றிலைப் பைக்குள் வைத்துக்கொண்டு, எப்படியும் வண்ணக்கரை ஒருக்கால் கண்டு கதைத்துப் பார்ப்போம் என்று சொல்லிவிட்டுப் போனார்.